மூன்று தட்டு

டாங்கிக்குக் கண் தெரியாது. இதைச் சொன்னால் ஊரில் ஒருவரும் நம்புவதில்லை. இருபத்தாறு டன் இரும்பு, மூன்று அங்குலக் கனத் தகடு, எதிரே எது வந்தாலும் நசுக்கிக்கொண்டு போகும் என்று சினிமா பார்த்துவிட்டு வந்து எனக்கே பாடம் நடத்துகிறார்கள். பூகன்வில் தீவுக் காட்டுக்குள் வந்து பார்த்திருக்க வேண்டும். உள்ளே இருக்கிற நாலு பேருக்கும் தெரிவது தபால் பெட்டி வாய் அளவு வெளிச்சம், அதிலும் பாதி இலை. பத்தடி தள்ளி ஜப்பான்காரன் குழிக்குள் உட்கார்ந்து மூக்கு நோண்டிக்கொண்டிருந்தாலும் தெரியாது. அதனால்தான் காலாட்படைக்காரர்கள் நாங்கள் கூடவே நடந்தோம். டாங்கிக்கு நாங்கள் கண், எங்களுக்கு டாங்கி சுவர். கண் பார்த்ததைச் சொல்ல வேண்டுமே, அதற்கு ஒரு டெலிபோன். டாங்கியின் பின்பக்கத்தில் ஒரு இரும்புப் பெட்டிக்குள் தொங்கும். பின்னால் நடக்கிறவன் எடுத்துப் பேசினால் உள்ளே இருக்கிற சார்ஜெண்டுக்குக் கேட்கும். அந்த டெலிபோனைத்தான் கேப்டன் பெல்லமி கழற்றிக்கொண்டு போனான்.

போனான் என்றுதான் சொல்வேன். அவனுக்கு 'போனார்' போட எனக்கு வாய் வராது.

1945 ஜூன் மாதம். அந்தச் சண்டையே வேண்டாத சண்டை. ஜப்பான்காரன் அந்தத் தீவில் மாட்டிக்கொண்டு, கப்பல் வராமல், சர்க்கரைவள்ளிக் கிழங்கு நட்டுத் தின்றுகொண்டிருந்தான். பேசாமல் வேலி போட்டு விட்டிருந்தால் தானே பட்டினி கிடந்து சரணடைந்திருப்பான். எங்கள் ஊர்ப் பத்திரிகைகளே அப்படித்தான் எழுதின. ஆனாலும் எங்களைப் போ போ என்று தள்ளினார்கள். காட்டை வெட்டி, மரக்கட்டைகளை வரிசையாகப் பரப்பி ரோடு போட்டு, அதன்மேல் டாங்கியை உருட்டி, ஒரு நாளைக்கு இருநூறு கஜம். அந்த இருநூறு கஜத்துக்கு இரண்டு பேர், மூன்று பேர் என்று புதைத்துவிட்டுப் போனோம். யாருக்காக என்று கேட்டால் மேலே இருந்தவர்களுக்கே தெரியாது.

என் பேர் லெஸ் பாஸ்கோ. குவீன்ஸ்லாந்தில் கரும்பு வெட்டிக்கொண்டிருந்தவன். அப்போது கார்ப்பரல், எனக்குக் கீழே எட்டுப் பேர். அதில் ஒருவன் டெர்மட் கின்னேன். அவன் தலைமுடி செங்கல் நிறம், ஆகையால் அவனுக்குப் பேர் புளூயி, அதாவது நீலம். எங்கள் நாட்டு வழக்கம் அது. நெட்டையனைக் குட்டை என்போம், சிவப்புத் தலையனை நீலம் என்போம், காரணம் கேட்கக் கூடாது. எங்கள் செக்‌ஷனில் டெலிபோன் வேலை புளூயிக்குத்தான். சத்தத்துக்கு நடுவிலும் நிதானமாகப் பேசுவான்.

நாங்கள் கூட நடந்த டாங்கியின் பேர் டோரீன். அது அந்த டாங்கியின் தலைவர் சார்ஜெண்ட் குவில்டியின் மனைவி பேர். "ரெண்டும் சொன்ன பேச்சு கேக்காது, அதான் அந்தப் பேரு" என்பார். நாற்பது வயது மனுஷர், மெல்போர்னில் டிராம் ஓட்டியவர். டாங்கியை ஓட்டியவன் ஆல்பி. விக்டோரியாவில் கோதுமைக் காட்டில் டிராக்டர் ஓட்டி வளர்ந்தவன், இருபத்துமூன்று வயது. அவன் கையில் அந்த இரும்பு வண்டி பசுமாடு மாதிரி சாதுவாக இருக்கும். கட்டை ரோட்டில் ஒரு கட்டை புரளாமல் ஓட்டுவான். புளூயியும் அவனும் ஒரே டப்பாவில் இறைச்சியைத் தோண்டித் தின்பார்கள், விடியவிடியச் சண்டை போடுவார்கள், திரும்பவும் ஒரே டப்பா.

பெல்லமி எங்களுக்கும் டாங்கிப் படைக்கும் இணைப்பு அதிகாரி. இரண்டு பக்கமும் பேசி வேலையைச் சேர்த்து வைக்க வேண்டியவன். ஒரு நாள் காலை டீ கொதித்துக்கொண்டிருந்தபோது ஜீப்பில் வந்தான். சட்டை இஸ்திரி போட்டிருந்தது. அந்தச் சேற்றில் இஸ்திரி! கூட இரண்டு மெக்கானிக்குகள். நேரே டோரீனின் பின்பக்கம் போய் பெட்டியைக் கழற்ற ஆரம்பித்தார்கள்.

"சார், அது நல்லாத்தானே வேலை செய்யுது?" என்றேன்.

"நல்லா வேலை செய்யுறதுதான் வேணும் கார்ப்பரல். ஊர்ல இருந்து பார்லிமெண்ட் ஆளுங்க வர்றாங்க. டாங்கியும் காலாட்படையும் காட்டுக்குள்ள எப்படிப் பேசிக்குதுன்னு பேஸ் கேம்ப்ல காட்டணும்."

"காட்டுக்குள்ள பேச எங்களுக்கு என்ன சார் வச்சிருக்கீங்க?"

"ஒரு வாரம்தான். சமாளிங்க."

மூன்று டாங்கிகளிலிருந்தும் மூன்று டெலிபோனையும் எடுத்துக்கொண்டு போனான். நாற்பது மைல் பின்னால், வெயிலில் காயவைத்த புல்தரையில், பெயிண்ட் அடித்த டாங்கிகளில் அவற்றைத் தொங்கவிட்டு, தொப்பி வைத்த பெரிய மனிதர்களுக்கு வேடிக்கை காட்டியிருக்கிறான். "ஹலோ, ஹலோ, இடது பக்கம் எதிரி." அந்த எதிரி வாழைமரம். இதைப் பார்த்தவன் ஒருவன் பிறகு என்னிடம் சொன்னான். கேட்டபோது எனக்கு வயிறு எரிந்தது, இப்போதும் எரிகிறது.

ஒரு வாரம் மூன்று வாரம் ஆயிற்று. நானும் குவில்டியும் மாறி மாறி ஆள் அனுப்பினோம். "வந்துகொண்டிருக்கிறது" என்று பதில் வந்தது. அதற்குள் பக்கத்து செக்‌ஷனில் ஒருவன் டாங்கி மேலே ஏறி, மூடியைத் தட்டிக் கத்திப் பேசப் போய், மரத்தில் இருந்த ஜப்பான்காரனிடம் கழுத்தில் தோட்டா வாங்கினான்.

அன்றைக்கு டீயைக் குடித்துக்கொண்டே குவில்டிதான் யோசனை சொன்னார். "ஏற வேண்டாம்டா யாரும். பின்னாடி இருந்து தட்டுங்க. ஒரு தட்டுன்னா நில்லு. ரெண்டு தட்டுன்னா முன்னாடி போ. மூணு தட்டுன்னா பின்னாடி வா."

"உள்ள கேக்குமா?" என்றேன்.

புளூயி ஒரு முழ நீள ஸ்பேனரைக் கொண்டுவந்து, டெலிபோன் பெட்டி இருந்த இடத்தில் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டான். ஆல்பி உள்ளே போய் என்ஜினைக் கிளப்பினான். புளூயி ஓங்கி மூன்று போட்டான். டோரீன் உடனே பின்னால் நகர்ந்தது.

ஆல்பி தலையை வெளியே நீட்டி, "ஏன்டா இப்படி அடிக்கிற? மாமியார் வீட்டுக் கதவாடா இது?" என்றான்.

"மாமியார் வீட்டுல தட்டினா யாருடா தொறக்குறா? நீயாச்சும் தொறக்குற."

சிரித்தோம். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கு எனக்கு என்மேலேயே கோபம் வருகிறது. ஆனால் அன்று அது நல்ல ஏற்பாடாகத்தான் தெரிந்தது. ஒன்றும் இரண்டும் எப்படியோ, அந்த மூன்று தட்டுக்கு மட்டும் டிரைவர் யாரையும் கேட்கக் கூடாது, சார்ஜெண்டைக்கூடக் கேட்கக் கூடாது என்று முடிவு செய்தோம். ஏனென்றால் பின்னால் வா என்று சொல்கிற நேரம் பேச நேரம் இல்லாத நேரம். குண்டைக் கட்டிக்கொண்டு ஒருவன் எதிரே ஓடி வருவான், இல்லை இருபது கஜத்தில் ஒரு பீரங்கி வாயைத் திறக்கும். பின்னால் ஆள் இருந்தால் என்ன செய்வது என்று டிரைவர் கவலைப்பட வேண்டியதில்லை. தட்டுகிறவனே பின்னால்தான் நிற்கிறான். பார்த்துவிட்டுத்தானே தட்டுவான்.

ஆல்பி அந்த நம்பிக்கையில் ஓட்டினான். அவன் முதுகுக்குக் கண் நாங்கள்.

அது நடந்த நாள் மழை விட்டிருந்தது. ஒரு ஓடையைத் தாண்டி, மூங்கில் புதருக்கு நடுவே ரோடு வளைகிற இடம். டோரீன் முன்னால், நாங்கள் இரண்டு பக்கமும் பின்னாலும். வளைவில் திரும்பியதும் எதிரே இருந்த பதுங்குகுழி சுட ஆரம்பித்தது. கட்டைகளை அடுக்கி மண்ணைப் போட்டு மூடின குழி, பக்கத்தில் போகும்வரை மண்மேடு போலத்தான் தெரியும். முதல் வெடியிலேயே புளூயிக்குத் தொடையில் பட்டது. எலும்பு போய்விட்டது என்று பார்த்தவுடனே தெரிந்தது.

"லெஸ், இழுத்து விடுடா. டோரீன் பின்னாடி விடு" என்றான்.

அதுதான் எங்கள் வழக்கம். அடிபட்டவனை டாங்கியின் பின்னால் படுக்கவைப்போம். முன்னால் மூன்று அங்குல இரும்பு நிற்கும்போது அந்தத் தீவிலேயே அதைவிடப் பத்திரமான இடம் கிடையாது. ஸ்டிரெச்சர்காரர்கள் அங்கேதான் வந்து தூக்குவார்கள். நான் அவன் அக்குளில் கை கொடுத்து இழுத்து, டோரீனுக்கு நேர் பின்னால், இரண்டு சங்கிலிச் சக்கரத்துக்கும் நடுவாகக்கூட இல்லை, இடது சக்கரத்தின் வாட்டத்தில் படுக்கவைத்தேன். அங்கேதான் கட்டை ரோடு காய்ந்திருந்தது. சேற்றில் போடவேண்டாமே என்று பார்த்தேன். காலைக் கட்டினேன். ஊசி போட்டேன்.

"டேய், ஆல்பிகிட்ட சொல்லு, இன்னைக்கு டப்பாவ முழுசா அவனே திங்க வேணாம்."

"சொல்றேன். வாய மூடிட்டுப் படு."

அதற்குள் டோரீனின் பீரங்கி மூன்று தடவை முழங்கியது. எதிர்க் குழி அடங்கிவிட்டது. சரி, முடிந்தது என்று நினைத்தேன். ஸ்டிரெச்சருக்குக் குரல் கொடுக்க முப்பது அடி பின்னால் ஓடினேன்.

நாங்கள் தாண்டி வந்த மூங்கில் புதருக்குள் இன்னொரு குழி இருந்தது. அதில் ஜப்பான்காரன் எங்களைப் போகவிட்டுக் காத்திருந்தான். அவனிடம் இருந்தது பெரிய மெஷின் கன். நாங்கள் அதை மரங்கொத்தி என்போம். மற்ற மெஷின் கன் மாதிரி கடகடவென்று பொரியாது. டொக், டொக், டொக் என்று நிதானமாகக் கொத்தும். மற்ற நாட்களில் அது முன்னால் இருந்து சுட்டால் டாங்கிக்கு உள்ளே இருப்பவர்களுக்கு நன்றாகவே தெரியும், முன் தகட்டில் ஆலங்கட்டி மழை மாதிரி கேட்கும் என்பார்கள். அன்று அது பின்னால் இருந்து சுட்டது. ஸ்பேனர் தொங்கிய அதே தகட்டில் பட்டது.

மூன்று தோட்டா. எண்ணினேன். பிறகு அவன் துப்பாக்கி சிக்கிக்கொண்டதோ என்னவோ, நின்றுவிட்டது.

டொக், டொக், டொக்.

டோரீன் பின்னால் நகர்ந்தது.

ஆல்பி செய்ய வேண்டியதைத்தான் செய்தான். யாரையும் கேட்காமல், ஒரு நொடி தாமதிக்காமல், சொன்னபடி செய்தான். நான் ஓடினேன். கத்தினேன். டீசல் என்ஜின் இரண்டு உறுமும்போது என் கத்தல் யாருக்குக் கேட்கும்? புளூயி முழங்கையை ஊன்றிப் புரளப் பார்த்தான். ஸ்பேனரைப் பிடித்து அடித்தேன். ஒரு தட்டு என்றால் நில். ஒரே ஒரு தட்டு தட்டியிருக்க வேண்டும். எத்தனை தட்டினேன் என்று எனக்கே தெரியாது. ஏழோ, பத்தோ, பதினைந்தோ. ஏற்பாட்டில் இல்லாத தட்டு. டோரீன் நின்றது, ஆனால் முழு நீளம் வந்த பிறகு நின்றது.

மற்றதை எழுத மாட்டேன். வேலியே பயிரை மேய்ந்தது என்று வாயால் சொல்லிவிட்டுப் போகலாம். நான் என் கண்ணால் பார்த்தேன்.

மூங்கில் குழியைப் பையன்கள் கையெறி குண்டு போட்டு முடித்தார்கள். உள்ளே இரண்டு பேர், எலும்பும் தோலுமாக, பக்கத்தில் பாதி கடித்த கிழங்கு. அவர்கள்மேல்கூட எனக்கு அவ்வளவு கோபம் வரவில்லை.

மறுநாள் பெல்லமி வந்தான். அன்றைக்கும் இஸ்திரிச் சட்டை. என்னைத் தனியாகக் கூப்பிட்டு ஒரு மரப்பெட்டிமேல் உட்காரச் சொன்னான். சிகரெட் நீட்டினான், நான் எடுக்கவில்லை.

"வருத்தமான விஷயம். நாளைக்கு மேஜர் வந்து விசாரிக்கிறார். சீக்கிரம் முடிச்சிடலாம். செத்துப்போன சிப்பாய்தானே தட்டுற வேலையில இருந்தான்?"

"ஆமா."

"அடிபட்டுக் கிடந்தவன், மயக்கத்துல எட்டித் தப்பா தட்டியிருக்கலாம் இல்ல?"

எனக்கு முதலில் புரியவில்லை. புரிந்தபோது காதெல்லாம் சூடாகிவிட்டது. "அவனே அவன்மேல வண்டிய ஏத்திக்கிட்டான்னு எழுதப் போறீங்களா?"

"செத்தவனுக்கு இனிமே என்ன கார்ப்பரல்? உயிரோட இருக்கிறவங்களைப் பத்தி யோசி."

"யாரு சார் உயிரோட இருக்கிறவங்க? நீங்களா?" எழுந்து நின்றேன். "டெலிபோன எடுத்துட்டுப் போனது யாரு? ஒரு வாரம்னு சொல்லி மூணு வாரம் வச்சிருந்தது யாரு? டெலிபோன் இருந்திருந்தா தட்டே இல்ல. தட்டு இல்லைன்னா தோட்டாவத் தட்டுன்னு நெனைக்க வேண்டியதே இல்ல. இதை நான் மேஜர்கிட்ட சொல்லுவேன். எழுதிக் கொடுப்பேன். வாழைமரத்தோட பேசுன கதையையும் சேத்து சொல்லுவேன்."

பெல்லமி கோபப்படவில்லை. அதுதான் அவனிடம் எனக்கு அதிகம் பிடிக்காதது. சாம்பலைத் தட்டிவிட்டு மெதுவாகச் சொன்னான். "சொல்லு. யாரும் தட்டலைன்னு சொல்லு. அப்ப டிரைவர் தோட்டாச் சத்தத்தைத் தட்டுன்னு நெனச்சு, தன் சிநேகிதன்மேலயே வண்டிய ஏத்தினான்னு ஆகும். அதுவும் உண்மைதானே. அவன்கிட்ட போய்ச் சொல்லிட்டு வா."

போய்விட்டான். ஜீப் போன பிறகும் அவன் சொன்னது போகவில்லை. அயோக்கியன் வாயிலிருந்து ஒரு உண்மை வந்தால் அதைக் காறித் துப்பவும் முடிவதில்லை, முழுங்கவும் முடிவதில்லை.

ஆல்பி அன்று மத்தியானம் வந்தான். முந்தைய நாளிலிருந்து அவன் ஒன்றும் சாப்பிடவில்லை, டாங்கிக்குள் ஏற மாட்டேன் என்கிறான் என்று குவில்டி சொல்லியிருந்தார். கையைப் பார்த்தேன். நகத்தைச் சுற்றி ரத்தம் வருகிற மாதிரி தேய்த்துக் கழுவியிருந்தான். சக்கரத்தைக் கழுவியவனும் அவன்தான். வேறு யாரையும் தொட விடவில்லையாம்.

"லெஸ். மூணு தட்டு கேட்டேன்டா."

நகர்ந்து உட்கார்ந்து அவனுக்கு இடம் விட்டேன். அவன் உட்காரவில்லை.

"சத்தியமா கேட்டேன். டொக், டொக், டொக். தெளிவா கேட்டேன். எல்லாரும் யாரும் தட்டலைன்னு சொல்றானுக. நான் என்ன பைத்தியமா? யாரோ தட்டினாங்க. சொல்லுடா. யாரோ தட்டினாங்கதானே?"

அவன் கண்ணைப் பார்க்காமல் இருந்திருந்தால் நான் உண்மையைச் சொல்லியிருப்பேன். தோட்டா என்று சொல்லி, உன் தப்பு இல்லை என்றும் சொல்லியிருப்பேன். உன் தப்பு இல்லை என்பது எவனுக்கு எப்போது ஆறுதல் தந்திருக்கிறது? அந்த மூன்று தோட்டாவை அவன் தினமும் படுக்கையில் எண்ணுவான். மரத்தில் பறவை கொத்தினால் எண்ணுவான். கதவு தட்டினால் எண்ணுவான்.

"நான்தான் தட்டினேன்" என்றேன்.

"என்ன?"

"மூங்கிலுக்குள்ள இருந்து சுட்டான்ல. வண்டிய பின்னால இழுத்தா அவன் சுடுறத மறைச்சிடலாம்னு நெனச்சேன். மூணு தட்டினேன். புளூயி அங்க படுத்திருக்கிறத மறந்துட்டேன்."

"மறந்துட்டியா?" அவன் குரல் மிகவும் சின்னதாக வந்தது. "நீதானடா அங்க படுக்க வச்ச?"

"ஆமா. மறந்துட்டேன்."

முதல் குத்து வாயில் விழுந்தது. நான் கையைத் தூக்கவில்லை. இரண்டாவதில் கீழே விழுந்தேன். குவில்டி ஓடிவந்து அவனை இடுப்பில் கட்டிப்பிடித்து இழுத்தார். ஆல்பி அழுதுகொண்டே என்னைத் திட்டினான், என் தாயைத் திட்டினான், கரும்புக்காட்டு நாயே என்றான். திட்டத் திட்ட அவனுக்கு மூச்சு ஒழுங்காக வந்தது. அதை நான் கவனித்தேன்.

சாயங்காலம் குவில்டி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். "சாப்பிட்டான். ஒரு டப்பா முழுசா. என்ஜினையும் போட்டுப் பாத்தான்."

"சரி."

"நீ முப்பதடி தள்ளி இருந்தேடா. உன் பையன்கள் எல்லாரும் பாத்திருக்கானுக."

"அவனுக வாயத் தெறக்க மாட்டானுக. நீங்களும் தெறக்காதீங்க."

குவில்டி பூட்ஸில் ஒட்டிய சேற்றைக் குச்சியால் சுரண்டினார். "நாளைக்கு மேஜர்கிட்ட என்ன சொல்லப் போற?"

"டெலிபோனப் பத்திச் சொல்லப் போறேன். தட்டினது நானாவே இருக்கட்டும். டெலிபோன் இல்லாததாலதான் தட்ட வேண்டி வந்துச்சுன்னு சொல்லுவேன். பெல்லமிய விடமாட்டேன்."

அப்படித்தான் நம்பினேன். ஆல்பியையும் காப்பாற்றலாம், பெல்லமியையும் மாட்டலாம் என்று ராத்திரி முழுக்கக் கணக்குப் போட்டேன். கரும்பு வெட்டுகிறவன் போட்ட கணக்கு அது.

விசாரணை ஒரு கூடாரத்தில் நடந்தது. மடக்கு மேசை, மேஜர், பக்கத்தில் காகிதத்தோடு பெல்லமி. ஒரு பக்கம் குவில்டியும் ஆல்பியும். ஆல்பி முகத்தைக் கழுவித் தலை வாரி வந்திருந்தான். என்னை முறைத்துப் பார்த்துக்கொண்டிருந்தான். முந்தைய நாள் இருந்த அந்தப் பார்வை இல்லை, இது வேறு, இதோடு ஒருவன் உயிர் வாழலாம்.

மேஜர் வயதானவர், நியாயமான ஆள் என்று பேர். என்னைக் கேட்டார், "மூணு தட்டு தட்டினது நீதான்னு டிரைவர் வாக்குமூலத்துல இருக்கு. சரியா?"

"சரி சார். ஆனா தட்டுற ஏற்பாடே ஏன் வந்துச்சுன்னா, டெலிபோனை..."

"அதுக்கு வர்றேன். நீ எதுக்குத் தட்டினே? பின்னால போகச் சொல்லத்தானே?"

"ஆமா சார்."

"டிரைவர் நீ சொன்னதைச் சரியாப் புரிஞ்சுக்கிட்டான்?"

"புரிஞ்சுக்கிட்டான் சார்."

"கின்னேன் அங்க படுத்திருந்தது உனக்கு ஞாபகம் இல்லை."

"...இல்ல சார்."

மேஜர் பேனாவை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. "அப்ப டெலிபோன் இருந்திருந்தா நீ என்ன சொல்லியிருப்பே கார்ப்பரல்? பின்னால போன்னு டெலிபோன்ல சொல்லியிருப்பே. அவ்வளவுதானே?"

கூடாரத்தின் துணி காற்றில் அடித்துக்கொண்டது. நான் வாயைத் திறந்தேன். யாரும் தட்டவில்லை, அது தோட்டா என்று ஒரு வாக்கியம் சொன்னால் போதும். பெல்லமியின் இஸ்திரிச் சட்டை அந்த இடத்திலேயே கசங்கியிருக்கும். நாக்கு நுனியில் இருந்தது. ஆல்பி பெஞ்சில் முன்னால் சாய்ந்து, என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் கைகள் முழங்கால்மேல் அசையாமல் இருந்தன. ரத்தம் வரத் தேய்த்துக் கழுவிய கைகள்.

"ஆமா சார்" என்றேன்.

"அப்ப டெலிபோனுக்கும் இதுக்கும் சம்பந்தம் இல்லை" என்று மேஜர் சொன்னார். பெல்லமி அதை எழுதினான். அழகான கையெழுத்து. என் கார்ப்பரல் பட்டையைப் பறிப்பதாகவும், கவனக்குறைவு என்று பதிவதாகவும் மேஜர் சொன்னார். புளூயியின் அம்மாவுக்கு எதிரியின் குண்டு பட்டு இறந்ததாக எழுதும்படி சொன்னார். அதுவரைக்கும் நல்ல மனுஷர்தான்.

பெல்லமி காகிதத்தை என் பக்கம் திருப்பினான். கையெழுத்துப் போட்டேன். எழுந்து திரும்பும்போது ஆல்பி வழியில் நின்றான். என் பூட்ஸ்மேல் துப்பிவிட்டு வெளியே போனான். குவில்டி தலையைக் குனிந்துகொண்டு அவன் பின்னாலேயே போனார். மேஜர் பார்க்காத மாதிரி காகிதங்களை அடுக்கினார்.

பெல்லமி மேசையைச் சுற்றி வந்து, மடித்து வைத்த வெள்ளைக் கைக்குட்டையை எடுத்து என்னிடம் நீட்டினான்.

"தொடச்சுக்கோ லெஸ்" என்றான். அன்றுவரை அவன் என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதே கிடையாது.